போறணைக்குப் போகாத போல்ட்டுகள்

தொழிற்சாலைச் சமையலறையில் மற்றவர்கள் விட்டுப்போகும் கோப்பைகளையும் நான்தான் கழுவி வைப்பேன். யாரும் சொல்லிச் செய்வதில்லை. என்னைப் பற்றி விசாரித்திருந்தால் முதலில் இதைத்தான் சொல்லியிருப்பார்கள். அடுத்ததாக, அதிகம் பேசமாட்டாள் என்றிருப்பார்கள். இரண்டும் உண்மை.

இதை நான் டேனிஷிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் எங்கள் தொழிற்சாலைப் பேனாட் அண்ணை கேட்டதும் நான் பதில் சொன்னதும் தமிழில். அதனால்தான் இந்தப் பொலிஸ் விசாரணைக்கு மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்றேன். அதற்காகச் சுஜீதா அக்கா கோப்பன்ஹேகனிலிருந்து இங்கே வைலே வரை ரயிலில் வந்திருக்கிறார். அவரைச் சிரமப்படுத்தியதற்கு வருந்துகிறேன்.

நாங்கள் பாரம் தூக்கும் கருவிகளுக்கான போல்ட்டுகளைச் செய்கிறோம். மிகவும் உறுதியான எஃகு. துருப்பிடிக்காமல் இருக்க, அமிலத்தில் கழுவித் துத்தநாகப் பூச்சுக் கொடுப்போம். அப்போது ஹைட்ரஜன் எஃகுக்குள் புகுந்துவிடும். தாமதிக்காமல் அடுப்பில் வைத்துப் பல மணி நேரம் சூடாக்கினால் அது வெளியேறும். சூடாக்காத போல்ட்டைப் பார்த்தால் ஒரு வித்தியாசமும் தெரியாது. அன்றைய சோதனையிலும் தேறிவிடும். இறுக்கிப் பூட்டிய பிறகு, ஓரிரு நாள் கழித்து, உள்ளே வெடிப்புத் தொடங்கும். அது வளையாது, நீளாது. முறியும்.

அந்த அடுப்பு என் பொறுப்பு. லொறி காத்து நின்றால், பொதிகட்டும் பகுதியைப் பார்க்கும் பேனாட் அண்ணை நேரம் முடியுமுன்பே தட்டுகளை வெளியே இழுத்துவிடுவார். தடுத்தால், “பிள்ளை, பாண் வெந்திட்டுது. இனிக் கருகும்,” என்பார். அடுப்புக்கு, பேக்கரியில் பாண் சுடும் அடுப்பைப் போல, போறணை என்று பெயர் வைத்ததும் அவர்தான். பகிடியை டேனிஷிலும் விளக்கிச் சொல்வார். சாப்பாட்டு மேசை முழுக்கச் சிரிக்கும். பிறகு டேனிஷ்காரர்களும் என்னைக் கண்டால் “போறணை” என்று கூப்பிடத் தொடங்கினார்கள். அதை நான் பொருட்படுத்தவில்லை.

மேலாளரிடம் போய்ச் சொன்னேன். இதுவரை ஏதாவது முறிந்திருக்கிறதா என்று கேட்டார். இல்லை என்றேன். அப்படியானால் என்ன பிரச்சினை என்றார். நியாயமான கேள்வி. தடுப்பு வேலை ஒழுங்காக நடந்தால் எதுவும் நடக்காது. நடக்காத ஒன்றை யாருக்கும் காட்ட முடியாது. ஆகவே ஒன்று முறிய வேண்டியிருந்தது.

எங்கே முறிவது என்பதைக் கவனமாகத்தான் யோசித்தேன். வாங்கியவர்களிடம் போய் முறிந்தால், முன்பின் தெரியாத ஒருவர் கீழே நிற்பார். அது எனக்குச் சரியாகப் படவில்லை. எங்கள் கட்டடத்துக்குள் முறிந்தால் காரணத்தையும் விரைவில் கண்டுபிடிக்கலாம்.

ஏப்ரலில், பொதிகட்டும் மேசைக்கு மேலே தொங்கும் சங்கிலித் தூக்கியின் போல்ட்டுகளை மாற்ற வேண்டி வந்தது. பேனாட் அண்ணை என்னிடம் வந்து நான்கு கேட்டார். நான் கொடுத்த நான்கும் அடுப்புக்குள் போகாதவை. மறதியால் அல்ல. அவருக்கென்றே எடுத்து வைத்திருந்தேன்.

அவர் வாங்கிப் புரட்டிப் பார்த்தார். போகாமல் நின்றார்.

“பிள்ளை, இது சுட்டெடுத்ததுதானே? நீ சொன்னதை வீட்டை போய் யோசிச்சுப் பாத்தன். கீழை நிக்கிறது நாங்கள்தானே.”

“ஓம்,” என்றேன்.

“சரி. நீ சொன்னால் எனக்கு அது காணும், வேறை ஒண்டும் தேவையில்லை.”

சுஜீதா அக்கா என் பதிலை ‘ஆம்’ என்ற பொருளில் மொழிபெயர்த்திருக்கிறார். எங்கள் பேச்சில் ஓம் என்பது சம்மதம் மட்டுமல்ல. அம்மா தொலைபேசியில் கதைக்கும்போது நானும் ஓம், ஓம் என்றுகொண்டிருப்பேன். கேட்கிறேன் என்பதுதான் பொருள். அன்றைக்கும் அவர் சொன்னது கேட்டது என்றே சொன்னேன். தயவுசெய்து இதைத் திருத்திப் பதியுங்கள். அவர் அதை எப்படி எடுத்துக்கொள்வார் என்பது எனக்குத் தெரியும். அதையும் பதியலாம்.

அவர் மனம் மாறித்தானே கேட்டார் என்கிறீர்கள். உண்மை. ஆனால் ஒருவருடைய மனம் ஒரு நடைமுறை அல்ல. அடுத்த லொறி வந்தால் அது திரும்பவும் மாறும்.

இப்போது நேரம் முடியும்வரை அடுப்புக் கதவு பூட்டியே இருக்கிறது. மேலாளரே முன்னின்று செய்வித்தார். பேனாட் அண்ணையின் செத்தவீட்டில் அவருடைய மனைவி அமலராணி அக்கா என் கையைப் பிடித்து, “உன்னைப் பற்றி வீட்டிலை பெருமையாத்தான் சொல்லுவார், பிள்ளை,” என்றார். அவருக்கும் நான் ஓம் என்றேன்.

அந்தக் காலை நான் பொதிகட்டும் பகுதி வாசலில் நிற்பது காமராவில் தெரிகிறது என்கிறீர்கள். நான் அவரை எச்சரிக்கத்தான் போனேன். இதை நீங்கள் நம்ப வேண்டும். போல்ட் பூட்டி மூன்றாம் நாள். தூக்கியில் ஒரு மரப்பெட்டி தொங்கிக்கொண்டிருந்தது. மேலே டிக் என்று ஒரு சத்தம். அது முதலாவது போல்ட். மற்ற மூன்றும் அதன் பாரத்தையும் தாங்கிக்கொண்டிருந்தன. தன் மகள் கிளோறியா கார் ஓட்டும் பரீட்சையில் வட்டச்சந்தியின் நடுவே காரை நிறுத்திவிட்டு அழுத கதையை, பேனாட் அண்ணை பெட்டிக்குக் கீழே நின்று சொல்லிக்கொண்டிருந்தார். அவரோடு பொதிகட்டும் றொஜிதன் தூரத்தில் நின்று, கேட்டுச் சிரித்தான். இரண்டாவது சத்தமும் கேட்டது.

பெரியவர்கள் கதைக்கும்போது இடையில் புகுவது எனக்கு வராது. அவர் முடிக்கட்டும் என்று நின்றேன்.