சீராக வந்த ஜாமீன்

டீ வேண்டாம் சார், வயிற்றுக்கு ஒத்துக்கொள்வதில்லை. வெந்நீர் இருந்தால் கொடுங்கள். அண்ணி கொடுத்த புகாரில் இருப்பதெல்லாம் நிஜம்தான். அவருக்குத் தெரியாதது கொஞ்சம் இருக்கிறது, அதையும் சேர்த்து எழுதிக்கொள்ளுங்கள்.

என் பெயர் சாமுண்டீஸ்வரி. அம்பத்தூர் எஸ்டேட்டில் என் வீட்டுக்காரர் விட்டுப்போன, இரும்புத் தகட்டை அழுத்திப் பாகங்கள் செய்யும் பிரஸ் பட்டறையை நான்தான் நடத்தினேன். தகடு சப்ளை செய்த ஒருவர், ஒரு லோடுக்குப் பணம் தரவில்லை என்று பூந்தமல்லி கோர்ட்டில் வழக்குப் போட்டு, தீர்ப்புக்கு முன்பே என் மூன்று மிஷின்களையும் ஜப்தி செய்ய வைத்தார். அந்த லோடு முழுக்கத் துரு. அன்றைக்கே திருப்பி அனுப்பிவிட்டேன். திரும்பப் பெற்றுக்கொண்டதாக அவரே கையெழுத்துப் போட்ட சீட்டு என் கைப்பையில் இருந்தது.

அதை வக்கீலிடம் காட்டத்தான் போனேன். அதற்குள் அவர் வழி சொல்ல ஆரம்பித்துவிட்டார். மிஷின்களுக்குப் பதிலாக யாராவது தன் சொத்தை ஜாமீனாகக் கொடுத்தால் ஜப்தியை நீக்குவார்கள், வழக்கு தோற்றால் அந்தச் சொத்தைப் பிடிப்பார்கள் என்றார். இன்னொரு தடவை சொல்லுங்கள் என்றேன். சொன்னார். கைப்பையை மூடிக்கொண்டேன்.

என் அண்ணன் நாகேந்திரனுக்கு அண்ணனூரில் மாடி வீடு. நிலம் எங்கள் அப்பாவுடையது. அப்பாவின் கருமாதி முடிந்த மூன்றாம் நாள், வாரிசுச் சான்றிதழுக்கு என்று சொல்லி என்னிடம் கையெழுத்து வாங்கினார். அது விடுதலைப் பத்திரம். என் பங்கு எனக்கு வேண்டாம் என்று நானே எழுதிக் கொடுத்ததாக ஆகிவிட்டது. கிரகப்பிரவேசத்தன்று கேட்டேன். “பொட்டப் புள்ளைக்கு இன்னாத்துக்குமா நெலம்?” என்று சொந்தக்காரர்கள் முன்னால் சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துக்கொண்டே பாயசம் பரிமாறினேன். வயிறு எரிந்தது சார், இருபத்தோரு வருஷம்.

ஜப்தி நடந்த மறுமாதம் என் மகள் சுரேகாவுக்கு மஞ்சள் நீராட்டு. தாய்மாமன் என்று அண்ணன் மேளத்தோடு சீர்த்தட்டு எடுத்து வந்தார். சும்மா சொல்லக்கூடாது, ஐம்பத்தொரு தட்டு. மேடையில் மைக் இருந்தது.

“தட்டெல்லாம் வேணாண்ணா. மிஷினு ஜப்தில கீது. உன் ஊட்ட கோர்ட்ல ஜாமீனா குடு. அதான் என் பொண்ணுக்கு மாமன் சீரு” என்றேன்.

மண்டபமே அவரைப் பார்த்தது. சபையில் இல்லை என்று சொன்ன தாய்மாமனை எங்கள் பக்கம் மனுஷனாகவே மதிக்க மாட்டார்கள். அண்ணியின் முகம் செத்துவிட்டது. அண்ணன் மைக்கை வாங்கி, தங்கச்சிக்கு இல்லாத வீடா என்றார். கைதட்டினார்கள். அடுத்த வாரமே வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வந்து ஜாமீன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார்.

மிஷின்கள் விடுபட்டன. ஒவ்வொன்றாக விற்றேன். வாய்தாவுக்குப் போகவில்லை, வக்கீலின் போனை எடுக்கவில்லை. நான் வராமலே எனக்கு எதிராகத் தீர்ப்பானது. அண்ணன் வீட்டுக்கு நோட்டீஸ் போனது.

அன்று மத்தியானமே அவர் ஓடி வந்தார். முப்பது நாளுக்குள் மனுப் போட்டால் வழக்கைத் திரும்ப நடத்தலாம் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஏதாவது ரசீது, சீட்டு இருந்தால் தேடிப் பார் என்று கெஞ்சினார். தேடுகிறேன் என்றேன். திடீரென்று என் காலைப் பிடித்துக்கொண்டார். வயசில் மூத்தவர், நான் நகரக்கூட இல்லை.

“அன்னிக்கு உன்ன ஏமாத்திதான் கையெழுத்து வாங்கினேன், சாமு. அந்தப் பாவந்தான் இப்ப சுத்துது. மன்னிச்சிடும்மா.”

நாலு வார்த்தைதான். இருபத்தோரு வருஷமாக அதைத்தான் எதிர்பார்த்துக் கிடக்கிறேன் என்று நானே நம்பியிருந்தேன். அழாதே அண்ணா என்று தூக்கி உட்கார வைத்தேன். சோறு போட்டேன், சாப்பிட்டார். வாசல் வரை வந்து அனுப்பி வைத்தேன்.

பிறகு உள்ளே போய் பீரோவிலிருந்து அந்தச் சீட்டை எடுத்து, கேஸ் அடுப்பைப் பற்றவைத்தேன்.