உச்சி வெயிலில் எடுத்த படம்

நல்ல உச்சி வெயில் நேரம்... புதூருக்குப் போகிற கரிசல் ரோடு. ஈ, காக்கை கிடையாது. கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். இது நம் மைதீனின் சாச்சா, அதாவது சித்தப்பா, அப்துல் சுபஹானுக்கு நடந்தது.

அறுபத்தொன்றாம் வருஷம். கோவில்பட்டியில் குடும்பத்துக்கு ஜவுளிக்கடை. சுபஹானுக்கோ காமிராப் பைத்தியம். சினிமாக் கம்பெனிப் பக்கம் போகவில்லை. சொந்தச் செலவில் ஊர் ஊராய்ப் போய், சனங்கள் பட்ட பாட்டைப் படம் பிடித்தார். பேசாத படம். அன்று புதூரில் சங்கரம்மாள் என்கிறவளைப் படம் பிடிக்கச் சைக்கிளில் போய்க்கொண்டிருந்தார். அவள் புருஷன் வன்னியபெருமாளைச் சில வருஷம் முன்பு பருத்திக்காட்டில் வெட்டிப் போட்டிருந்தார்கள். யார் வெட்டியது என்று அதுவரை தெரியவில்லை.

அந்தக் காட்டோரம், உடைமரத்தடியில் ஒருத்தர் நின்றார். கழுத்தைச் சுற்றித் துண்டு.

"அண்ணாச்சி, அந்தக் கொலைச் சங்கதியத்தான படம் புடிக்கப் போறிய? என்னைப் புடிங்க. நான் சொல்லுதேன்."

நேரில் பார்த்தவர் போலிருக்கிறது என்று சுபஹான் காமிராவுக்குச் சாவி கொடுத்துக் கண்ணில் வைத்தார். கர்ர்ர்... அந்த ஆள் நடித்தே காட்டினார். இங்கே குனிந்தது... பின்னாலிருந்து அரிவாள் வந்தது... பிறகு துண்டை அவிழ்த்தார்.

கழுத்து பாதிதான் இருந்தது.

கறிக்கடை வாடை குப்பென்று அடித்தது. சுபஹான் காமிராவை இறக்கினார்... காட்டில் யாருமில்லை. மறுபடி கண்ணில் வைத்தார்... அதே இடம், அதே ஆள். வாய் பேசிக்கொண்டே இருந்தது. ஆனாலும் விரலை எடுக்கவில்லை மனுஷர். சுருள் தீரும்வரை பிடித்தார்.

மெட்ராஸில் கழுவி வந்த படத்தைச் சங்கரம்மாள் வீட்டிலேயே ஓர் இரவு போட்டார். ஊருக்கு அப்போதுதான் கரண்ட் வந்திருந்தது. சுவரில் வேட்டி கட்டினார். முன்னால் சங்கரம்மாளும், கொழுந்தன் மாடக்கண்ணுவும். அண்ணன் செத்ததிலிருந்து காடு அவன் கையில்தான்.

வேட்டியில் அந்த ஆள் வந்தார்.

"எங்க வீட்டுக்காரவிய..." என்றாள் சங்கரம்மாள். அழவில்லை. வாயசைவையே பார்த்தாள்.

"அக்கா... என்ன சொல்லுதாவ?" என்றார் சுபஹான்.

அந்த உதடுகளோடு சேர்ந்து அவளும் முணுமுணுத்தாள். "ஏலே மாடா... வேண்டாம்லே... காட்ட நீயே வச்சுக்கோ... வேண்டாம்லே..."

"மயினி, படத்த நிறுத்தச் சொல்லு!" மாடக்கண்ணு பாய்ந்து எழுந்தான். மூலையில் கிடந்த அரிவாளை எடுத்தான். வேட்டியில் நின்ற அண்ணன் கழுத்தைப் பார்த்து ஓங்கி வீசினான்.

சதக்.

வேட்டி கிழியவில்லை. பீய்ச்சியது மாடக்கண்ணுவின் கழுத்து. சுவரெல்லாம் ரத்தம். சுபஹான் முகத்திலும் சூடாய்த் தெறித்தது. அவன் விழுந்து, தரையை உதைத்து உதைத்து... அடங்கினான். கையிலிருந்த அரிவாளில் ஒரு பொட்டு ரத்தம் இல்லை.

படம் ஓடி முடிந்து, சுருளின் வால் தட்... தட்... என்று அடித்தது. வேட்டியில் வெறும் வெளிச்சம். சங்கரம்மாள் எழுந்தாள். பிணத்தைத் தாண்டிப் போய், செம்பில் தண்ணீர் மோந்து வாசலில் வைத்தாள்.

"வெயில்லயே நின்னது போதும். கால் கழுவிட்டு உள்ள வாங்க," என்றாள் இருட்டைப் பார்த்து.

சுபஹான் காமிராவைக்கூட எடுக்காமல் பின்வாசல் வழியே ஓடினார். ஓடும்போது காதில் விழுந்தது... வாசல் கல்லில் யாரோ நிதானமாய்க் கால் கழுவுகிற சத்தம்.