நூறு சொல்லும் சிங்களம்

காலை 9.47க்கு ரயில் வட்டகொடை நிலையத்தில் நின்றுபோனது. மகள் ஹட்டனில் தனியாகக் காத்திருக்கிறாள் என்ற படபடப்பில் இருந்த என்னை எதிரே இருந்த இரண்டு மாணவிகளின் பேச்சு இழுத்தது. அழிந்துவரும் ஒரு மொழி சிங்களத்தின் கிளையா, தனி மொழியா என்று ஆராய்கிறார்களாம்.

"அக்கா, அந்த அம்மாகிட்ட கேட்டு எழுதுன நூறு சொல்லும் அச்சு அசல் சிங்களம்!"

"அடிப்பாவி, நாளைக்குக் கட்டுரை குடுக்கணுமே! அட்டைக்கடி வாங்குனதெல்லாம் வீணா?"

இருவரும் கண்ணீர் வரச் சிரித்தார்கள்.

அந்த மொழி பேசும் அம்மா அவர்களுடன்தான் பயணம் செய்கிறார். தேநீரோடு வந்தவர் விஷயத்தைக் கேட்டார்.

"ஃபைல தூக்கிட்டு வந்தீங்க. கவர்மெண்ட் ஆபீஸ் ஆளுங்கன்னு நெனச்சு சிங்களத்துலயே சொல்லிட்டேன். அத மூடுங்க பிள்ளைங்களா, இப்ப எங்க பேச்சுல சொல்றேன்."