ஒரு பாவு, மூணு மாப்பிள்ளை

— போனைக் குடு க்கா. என்னால வர முடியாதுன்னு அந்தப் பசங்களுக்குச் சொல்லிடறேன்.

— மொதல்ல இட்லி துன்னு. மெட்ராஸ்ல இருந்து பஸ்ல நின்னுக்கினு வந்து, வந்ததும் வராததுமா போனு, போனுன்னுட்டு.

— இந்த போஸ்டரைப் பாத்தியா? ஏனாத்தூர் காலேஜ் பசங்க அனுப்பிருக்கானுங்க. "சிரிப்பு மன்னர் உதயகுமாருடன் ஒரு மாலை". நான் சிரிப்பு மன்னனா க்கா?

— போட்டோல நல்லாத்தான் கீற.

— விளையாடாத. அஞ்சு படம் எழுதிருக்கேன். அஞ்சும் அழுதுக்கினே எழுதினது. டைரக்டருக்குக் கதை சொல்லலாம்னு உக்காந்தா பாதியிலயே சிரிக்கிறான். "வித்தியாசமான காமெடி சார், பண்றோம்"ங்கறான். பெரியப்பா செத்த வீட்ல அவரு பல்செட்டைக் காணோம்னு எல்லாரும் தேடுனாங்களே, அதை எழுதினேன். அது சாவு க்கா. அதுக்கு தியேட்டர்ல விசிலு.

— தேடுறப்போ நீயுந்தான் சிரிச்ச.

— எனக்கு அப்போ எட்டு வயசு.

— சரி விடு. எந்தப் படம் ஓடுச்சு இப்போ?

— ஒண்ணும் ஓடல. ஓடாத படத்துக்கும் காமெடின்னு முத்திரை குத்திட்டானுங்க. யாருமே பாக்காத காமெடி எழுதற ஆளுன்னு வடபழனில என்னைக் கை காட்டிப் பேசறானுங்க.

— இன்னைக்குப் பாக்கப் போறாங்க இல்ல? அந்தப் பசங்க எங்கயோ தேடிப் புடிச்சி, ஹால் ரெடி பண்ணி, மாலை வாங்கி வெச்சிக்கினு இருக்குதுங்க.

— எந்தப் படத்தைப் போடறாங்கன்னு தெரியுமா? மொதப் படம். உன் கதை.

— தெரியும்.

— தெரிஞ்சுமா என்னைப் போகச் சொல்ற? நைனா உன் கல்யாணத்துக்குன்னு தறியில பாவு நூல் ஏத்துனாரு. நிச்சயம் பண்ண அய்யம்பேட்டைக்காரன், முகூர்த்தப் புடவை நெய்ஞ்சி முடிக்கறதுக்குள்ள பொண்ணு வேணாம்னுட்டான். ஒருத்தனுக்குன்னு நெய்ஞ்ச புடவைய இன்னொருத்தனுக்குக் கட்டக்கூடாதுன்னு நைனா புடிவாதம். அதே பாவுல அடுத்ததை நெய்ஞ்சாரு. ஓரிக்கை வாத்தியாரும் வேணாம்னுட்டான். மூணாவதும் நெய்ஞ்சாரு. வாலாஜாபாத்காரனும் அதே மாதிரி. ஒரு பாவு நூலுக்கு மூணு புடவைதானே வரும். "பாவு முடிஞ்சிடுச்சும்மா"ன்னு சொல்லிட்டு நைனா தறியை விட்டு எழுந்தாரே, அந்த மூஞ்சி எனக்கு இன்னும் கண்ணுலயே நிக்குது. அதைத்தான் எழுதினேன்.

— படத்துல அந்தப் பெரியவரு, "மாப்பிள்ளை ஸ்டாக் தீந்துபோச்சு"ன்னுவாரே.

— அது டைரக்டர் சேத்தது. நான் எழுதல. ஆனா நான் எழுதுன வசனத்துக்கும் சிரிச்சானுங்க, நம்ம ஊரு தியேட்டர்லயே. நைனாவோட பழகுன ஜனம் க்கா, வெக்கமே இல்ல. எனக்குப் பின்னாடி ஒரு பொம்பள முக்காடு போட்டுக்கினு, மூச்சு முட்ட முட்ட சிரிக்கிறா. திரும்பி ஒரு அறை விடலாமான்னு ஆத்திரம் வந்துச்சு.

— விட்டிருந்தா எனக்குத்தான் பட்டிருக்கும்.

— இன்னாது?

— நான்தாண்டா அது.

— நீ வரலைன்னு சொன்னியே.

— உன் கூட வரலைன்னு சொன்னேன்.

— உன் வாழ்க்கை போனதைப் பாத்து நீயே சிரிச்சியா க்கா? உனக்காகத்தானே நான் இத்தினி வருஷம் அந்தக் கும்பலோட சண்டை போட்டுக்கினு இருக்கேன்?

— யாருடா உன்னை சண்டை போடச் சொன்னது? கேளு, இன்னைக்கு நான் பேசறேன். உன் அஞ்சு படத்துலயும் ஒரு அக்கா வர்றா. ஜன்னலைப் புடிச்சிக்கினு அழுவுறா. எனக்கு ஜன்னலைப் புடிக்க எங்கடா நேரம் இருந்துச்சு? கரண்ட் ஆபீஸ்ல வேலை, செவிலிமேட்ல என் சம்பாத்தியத்துல வூடு. ஆபீஸுக்குப் புதுசா வர்ற பொண்ணுங்க, "சங்கீதா மேடம், அந்தப் படத்து அக்கா நீங்கதானாமே"ன்னு கேட்டுட்டு, என்னைப் பாவமாப் பாக்குதுங்க. காறித் துப்பலாம் போல வருது. எழுதறதுக்கு முன்னாடி என்னை ஒரு வார்த்தை கேட்டியா நீ?

— உன்னை எப்பிடிக் கேக்கறது? மூணு பேரு வேணாம்னுட்டுப் போனதை, உன்கிட்டயே வந்து...

— போனாங்கன்னு உனக்கு யாரு சொன்னா?

— அம்மா.

— அம்மாவுக்கு?

— புரோக்கர் குப்புசாமி.

— குப்புசாமிக்கு மாப்பிள்ளைங்க சொன்னாங்க. மாப்பிள்ளைங்களை அப்பிடிச் சொல்லச் சொன்னது நான்.

— க்கா.

— எனக்குக் கல்யாணமே வேணாம். அதைச் சொன்னா அம்மா கெணத்துல வுழுந்துடுவேன்னு நிக்கும். அதனால ஒவ்வொருத்தனையும் தேடிப் போயி, "நீங்களே வேணாம்னு சொல்லிடுங்க, புண்ணியமாப் போவும்"னு கேட்டுக்கினு வந்தேன். அம்மா இருந்த வரைக்கும் வாயத் தொறக்க முடியல. இப்போ அதுவும் போயி வருஷம் ஆயிடுச்சு.

— அப்போ நைனா? அம்மாவை வுடு. ஒண்ணுமே தெரியாம, ராத்திரி பகலா உக்காந்து மூணு புடவை நெய்ஞ்சாரே அந்த மனுஷன். அவருக்கு நீ பண்ணது துரோகம் இல்லையா?

— மூணு ஊருக்கும் என்னை சைக்கிள்ல வெச்சி மிதிச்சிக்கினு போனதே நைனாதாண்டா. திரும்பி வர்றப்போ ரெண்டு பேரும் வழியெல்லாம் சிரிச்சிக்கினே வருவோம்.