வலப்பக்கத் தழும்புகள்

— சாரத்தை இன்னும் கொஞ்சம் உயர்த்துங்கோ, சுடலைமுத்தண்ணை. முழங்கால் வடிவாத் தெரியவேணும். இப்ப நான்தான் ஆமிக் கப்டன் எண்டு வையுங்கோ, விளங்குதோ?

— நீங்க ஊருக்கு விதானையா இருந்தாலே எனக்கு நடுக்கம் எடுக்கும், கனகலிங்கம் ஐயா. இதில கப்டன் வேறயா?

— இஞ்ச நடுங்கி முடிச்சால் அங்க நடுங்கத் தேவையில்லை. பத்து மணிக்கு உங்களைக் கூட்டிக்கொண்டு வாறன் எண்டு காம்ப் வாசலில சொல்லிப்போட்டு வந்தனான். பின்னேரம் லொறி தெற்க போகுதாம். பெடியனை அதில ஏத்திப்போட்டாங்கள் எண்டால் பிறகு எங்க போய்த் தேடுறது?

— வேணாங்க. இந்தக் கால காட்டுற கதைய விடுங்க. அவங்க கால்ல விழுந்து கேட்டுப் பாக்கலாம்.

— நீ சும்மா இரு, லட்சுமி. பெத்த புள்ள நேத்துக் காலையிலேருந்து உள்ள கெடக்கான். பஸ்ஸ மறிச்சு எறக்கி, காற்சட்டைய தூக்கிப் பாத்து, முழங்கால்ல தழும்பு இருக்குன்னு பிடிச்சு வெச்சிருக்கானுங்க. அந்தத் தழும்பு எப்பிடி வந்திச்சுன்னு அப்பன்காரன் சொல்லாம வேற எவன் சொல்றது?

— அது சரி. இப்ப எல்லா இடமும் அப்பிடித்தான். முழங்காலிலயும் முழங்கையிலயும் காயத்தைக் கண்டால், காட்டுக்குள்ள தவண்டு இயக்கத்தில ட்ரெயினிங் எடுத்தவன் எண்டு முடிவு கட்டிப்போடுறாங்கள். சரி, கேக்கிறன். நீ ஆர்?

— நான் சுடலைமுத்து. அக்கராயன்ல சைக்கிள்ல பேக்கரிப் பாண் விக்கிறேன்.

— ஐயோ அண்ணை, பாணை ஆர் கேட்டது! றேஸ் ஓடின கதையை முதல் எடுங்கோ.

— சொல்றேன், கேளுங்க. கொழும்பில ஒரு சைக்கிள் கொம்பனிக்கு எட்டு வருசம் சம்பளத்துக்கு றேஸ் ஓடினவன் நான். அம்பத்தெட்டுலேருந்து அறுபத்தாறு வரைக்கும். மலை ஏத்தத்தில என்னைய முந்தினவன் ரெண்டே பேருதான். பேப்பர்ல படம் வந்திச்சு. அந்தக் கப்டனோட அப்பாவுக்குக்கூட என் பேர் தெரிஞ்சிருக்கும்.

— கப்டனுக்கு இருபத்தாறு வயசுதான். அவன்ர தேப்பன் என்னத்தை வாசிச்சார் எண்டு ஆருக்குத் தெரியும்? அந்தப் பேப்பர், கப், சேட்டிபிக்கற் ஏதும் கையில இருக்கோ?

— எழுபத்தேழு கலவரத்தில தோட்டத்து லயத்தோட எரிஞ்சு போச்சுங்க. பதினோரு கப். நெருப்பில உருகி ஒரே கட்டியா கெடந்திச்சு. உயிரோட இங்க வந்து சேந்ததே பெரிசு. இப்ப ஒம்பது வருசமா எங்கிட்ட மிச்சம் இந்த உடம்பு மட்டும்தான்.

— அப்ப உடம்பைக் காட்டுங்கோ.

— இந்தா, இந்த முழங்கை. அறுபத்தொண்ணு, கடுகண்ணாவ எறக்கம். நல்ல மழை. நாய் ஒண்ணு குறுக்க பாஞ்சிச்சு. இடுப்பில இருக்கிறது றம்பொடை வளைவு. விழுந்து எந்திரிச்சு, ரத்தம் ஒழுக ஒழுக ஓடி மூணாவதா வந்தேன். இந்த முழங்கால்தான் கடைசி. பக்கத்தில வந்தவன் சில்லு மாட்டி, எலும்பே வெலகிப் போச்சு. அடுத்த மாசமே கொம்பனி ஒரு சுவர் மணிக்கூட்டக் குடுத்து, போயிட்டு வான்னு அனுப்பிட்டான்.

— மணிக்கூடாவது இருக்கோ?

— அதுவும் கப்போடதான் எரிஞ்சிச்சு.

— சரி, விடுங்கோ. மகன் எப்ப றேஸ் பழகினவன்?

— போன வருசக் கடைசியில. பூநகரிப் பக்கம் சிநேகிதங்களோட சேந்து றேஸ் பழகப் போறேன்னான். என் பழைய சைக்கிளத்தான் எடுத்துக்கிட்டுப் போனான். மூணு மாசம் கழிச்சு முழங்கால்ல காயத்தோட வாசல்ல வந்து நின்னான். ஒளிக்காம சொல்றேன் ஐயா, அன்னைக்கு எனக்கு சந்தோசம் தாங்கல. நம்ம ரத்தம் எங்க போவும்னு நெனச்சேன். இவதான் திட்டிக்கிட்டே மருந்து போட்டா.

— நான் திட்டலிங்க. நான் ஒண்ணுமே பேசல.

— கப்டன் இதோட விடமாட்டான், அண்ணை. உன்ர தழும்பு சைக்கிளில வந்தது, சரி. மகன்ர தழும்பு தவண்டு வந்ததில்லை எண்டு நான் எப்பிடி நம்புறது எண்டு கேப்பான். அதுக்கு என்ன மறுமொழி?

— அங்கதான் இருக்கு விசயம்! சைக்கிள்காரன் ஒரு பக்கமாச் சாஞ்சுதான் விழுவான். ஒவ்வொருத்தனுக்கும் விழுற பக்கம்னு ஒண்ணு இருக்கு. என்னையப் பாருங்க. முழங்கை, இடுப்பு, முழங்கால், எல்லாம் வலப்பக்கம். இடப்பக்கத்தில ஒரு கீறல் காட்டுங்க பாப்போம்! தவழ்றவனுக்கு அப்பிடியில்ல. ரெண்டு முழங்காலும் ரெண்டு முழங்கையும் ஒண்ணுபோல தேயும். இடுப்பில ஒண்ணும் இருக்காது. பாத்த ஒடனே எந்த மடையனுக்கும் வெளங்கும்.

— அட, சங்கதி இப்பிடியோ! இதை வைச்சே பெடியனை வெளிய எடுத்துப்போடலாம். சிங்களத்தில சொல்லுவீங்களோ?

— கொழும்பில எட்டு வருசம் வேற என்ன பாசை பேசினேன்? மடியில கனமில்ல, வழியில பயமில்ல. வாங்க, கெளம்புவோம்.

— அந்த விழுற பக்கக் கதைய மட்டும் அங்க சொல்லிறாதீங்க.

— வழிய விடு, லட்சுமி.

— கும்பிட்டுக் கேக்குறேங்க. பாண் விக்கிறவன்னே சொல்லுங்க. ஒண்ணும் தெரியாதவன்னு சொல்லி அழுங்க. நானும் வந்து அழுறேன்.

— என்னா பேச்சு பேசுற? ஓடின ஓட்டம் ஒண்ணுக்கும் ஆவலன்னு இருபது வருசமா மனசுக்குள்ள புழுங்கினவன் நான். இன்னைக்குத்தான் அது புள்ளைக்கு உதவப் போவுது. அதையும் சொல்லாதங்கிறியா?

— பொறுங்கோ அண்ணை, கப்டன் இன்னுமொண்டு கேப்பான். மகனுக்கு எந்தப் பக்கம்?

— என்னது?

— உங்களுக்கு வலம். பெடியனுக்கு வலமோ, இடமோ? நீங்கள் ஒண்டைச் சொல்லி, அங்க வேறை ஒண்டு இருந்தால் காரியம் கெட்டுப்போம்.

— அது... நான் ஒரு முழங்காலத்தான் பாத்தேன். நீளக்கைச் சட்டை வேற போட்டிருந்தான். குளிப்பாட்டி மருந்து போட்டது இவதானே. லட்சுமி, வலமா, இடமா? சொல்லு புள்ள, நேரம் போவுது.

— ரெண்டுந்தாங்க. ரெண்டு முழங்காலு, ரெண்டு முழங்கை. இடுப்பில ஒரு கீறல் இல்ல.