மூணாவது வரிசையில ஒரு வேன்

அந்தப் பக்கம் போகாதீங்க சார், கண்ணாடி ஒடைஞ்சு கிடக்கு. இப்படி வாங்க. கோர்ட்டுலேர்ந்து வண்டியப் பாத்து எழுத ஆள் வருதுன்னு காலைலயே போன் வந்துச்சு. எந்த வண்டி? ஓ, ஸ்கூல் வேனா. மூணாவது வரிசை, கடைசி.

எல்லாம் தவணை கட்டலன்னு பேங்க்காரங்க தூக்கிட்டு வந்ததுதான். இந்தக் கார் வந்தப்ப பளபளன்னு இருந்துச்சு. இப்ப பின் சீட்டுல பூனை குட்டி போட்டிருக்கு. நாலு. கேஸு முடியறதுக்குள்ள வண்டி முடிஞ்சிடும். நான் வெறும் வாட்ச்மேன் சார், கேட்டைப் பாத்துக்கறதோட சரி.

இதான். ஆமா, தொடச்சிருக்கு. நாந்தான் தொடைப்பேன், சும்மா எவ்வளவு நேரம் உக்காந்திருக்கறது? இல்ல, மத்ததத் தொடைக்கறதில்ல. அத்தனைக்கும் எங்க சார் தெம்பு?

நோட்டீஸ் கொடுக்காமத் தூக்கிட்டாங்கன்னுதானே கேஸு? அது நெசம். ஸ்கூல் விடற நேரம், ரெண்டு புள்ளைங்க ஏறி உக்காந்தாச்சு. நாலு தடியனுங்க வந்து புள்ளைங்கள எறக்கி விட்டுட்டு, டிரைவர் கையிலேர்ந்து சாவியப் புடுங்கிட்டுப் போயிட்டானுங்க. சின்னது ஒண்ணு தண்ணி பாட்டில உள்ளயே விட்டுருச்சு. கழுவி வச்சிருக்கேன், கொடுக்கணும்.

மனுவுல என்ன போட்டிருக்கு? வெயில்லயும் மழையிலயும் மக்கி வீணாப்போகுதுன்னா? ம். நீங்களும் ஆமா மக்கிருச்சுன்னு எழுதினா, தீர்ப்பு வர்ற வரைக்கும் சொந்தக்காரன் எடுத்து ஓட்டலாம். நல்லாத்தான் இருக்குன்னு எழுதினா இங்கயே கிடந்து ஏலத்துக்குப் போயிடும். அதெல்லாம் தெரியும் சார்.

ஸ்டார்ட் பண்ணியே ஆகணுமா? பாத்தாப் போதாதா? சரி, சரி, தள்ளி நில்லுங்க.

கேட்டீங்களா? ஒரே திருப்பு. தினம் காலைல பத்து நிமிஷம் ஓட விடுவேன். டீசல் என் காசுதான், வீட்டுக்காரிகிட்ட சொல்லல. சாவியா? புடுங்கின சாவி பேங்க்லதான் இருக்கு. இது ரெண்டாவது சாவி.

ஏன் சார் அப்படிப் பாக்கறீங்க? இந்த இடத்த நடத்தறவரு பேங்க்காரரு இல்ல, வேற ஆளு. ஆள் தேவைன்னு போர்டு மாட்டியிருந்தாரு. எனக்கும் வண்டி போனதுலேர்ந்து வேலை இல்ல. பேரு கேட்டாரு, ஊரு கேட்டாரு, உன் வண்டி எதாவது உள்ள நிக்குதான்னு கேக்கல.

வக்கீல்கிட்ட சொன்னேன். தலையில அடிச்சுக்கிட்டாரு. கையே வைக்காதய்யா, துரு புடிக்கட்டும், அதான் நமக்கு நல்லதுன்னாரு. நானும் ஒரு வாரம் அதுக்கு முதுகக் காட்டிக்கிட்டு உக்காந்து பாத்தேன். எட்டாவது நாள் ஒரு டயர்ல காத்து எறங்கியிருந்துச்சு. மனசு கேக்கல சார்.

வேணாம், மாத்தி எல்லாம் எழுதாதீங்க. ஓடுதுன்னா ஓடுதுன்னே எழுதுங்க. கையெழுத்தா? போடறேன், பேனா கொடுங்க. எங்க போடணும்? வாட்ச்மேன்னு போட்டிருக்கற எடத்துலயா, மனுதாரர்னு போட்டிருக்கற எடத்துலயா?