பன்னிரண்டு வரி

படக் கேமராவின் கைப்பிடியைச் சுற்றுவது மாவாட்டுவது மாதிரிதான், இன்ஸ்பெக்டர் ஐயா. அவசரப்பட்டாலும் கெடும், சுணங்கினாலும் கெடும். சீராகச் சுற்ற நான் கவிதை சொல்லிக்கொள்வேன். என் கவிதை பன்னிரண்டு வரி. நிதானமாகச் சொன்னால் ஒரு ஃபிலிம் சுருள் தீரும்.

பேசும் படம் வந்ததிலிருந்து எல்லோரும் ஓயாமல் பாடித் தீர்க்கிறார்கள். எனக்குக் குமட்டுகிறது. திரையில் ஊமைப் படம் ஓட வேண்டும்; பக்கத்தில் நின்று நான் கவிதை சொல்ல, மண்ணச்சநல்லூர் அரிசி மில்லில் கழித்துப் போட்ட இரும்புத் தகட்டை ஜமால் அடிக்க வேண்டும். ராகம் கிடையாது. திருச்சியில் இதைக் கேட்டுச் சிரிக்காதவர்கள் இரண்டே பேர், ஜமாலும் அமலராணியும்.

அமலராணி மன்னார்புரத்து நாடக நடிகை. ஆற்றுக்காகக் காத்திருக்கும் பெண்ணாக, கொள்ளிடத்து மணலில் இடுப்பு வரை புதைந்திருக்கச் சம்மதித்தார். குழியை நானும் ஜமாலும் வெட்டினோம். ஈர மணலை அவரைச் சுற்றிப் போட்டு இறுக மிதித்தது நான்தான்.

“தண்ணி எப்பங்க வரும்?” என்று கேட்டார்.

“சாயங்காலம்தான். முடியலேன்னா கையத் தூக்குங்க, நிறுத்திடுறேன்” என்றேன்.

மேலணையில் மதகு திறக்கிறார்கள், உச்சிவேளைக்குள் வெள்ளம் வரும் என்று ஸ்ரீரங்கத்தில் காலையிலேயே தண்டோரா போட்டார்கள். நான் கேட்டேன். திருச்சியிலிருந்து பஸ்ஸில் வந்த அவர்கள் இருவரும் கேட்கவில்லை. தெரிந்தால் அமலராணி நடிப்பார். எனக்கு நடிப்பு வேண்டியிருக்கவில்லை.

பதினொன்றரைக்குக் கரைமேட்டில் கேமராவை நிறுத்திச் சுற்ற ஆரம்பித்தேன். மூன்றாம் வரியில் தண்ணீர் வந்தது. ஐந்தாம் வரியில் கழுத்தளவு. ஆறாம் வரியில் கையைத் தூக்கினார்.

“கையத் தூக்கிட்டேங்க. போதுங்க.”

ஜமால் தகட்டைப் போட்டுவிட்டு ஓடினார். முங்கி முங்கி மணலைத் தோண்டினார். அதோடு தாளம் போயிற்று. எனக்கு இன்னும் அந்தக் கோபம் ஆறவில்லை. “அண்ணே, வாங்கண்ணே, ஒரு கை பிடிங்க” என்று கத்தினார். என் கை வேலையாக இருந்தது. ஒன்பதாம் வரியில் அமலராணியின் தலை மறைந்தது. தூக்கிய கை மட்டும் கொஞ்ச நேரம் தெரிந்தது. அழகாக இருந்தது.

அந்தச் சுருளைச் சீக்கிரம் சென்னைக்கு அனுப்பிக் கழுவச் சொல்லுங்கள். இந்த வெயிலில் கெட்டுவிடும்.

கை தூக்கியதைப் பார்த்தாயா என்று கேட்டீர்கள். பார்த்தேன். நான் வாக்குத் தவறுகிறவன் இல்லை, ஐயா. நிறுத்துகிறேன் என்று சொன்னேன், நிறுத்தினேன். பன்னிரண்டாம் வரி முடிந்ததும் நிறுத்தினேன்.